தட்டிப் பார்க்காத பானை

(ஒரு வாசகசாலையின் ஆண்டு விழாக் கூட்டத்தில் செய்த சொற்பொழிவு)



இன்றையக் கூட்டத்தில் ராக்கெட்டைப் பற்றி நாம் பேசப் போவதாக நோட்டீசில் போட்டிருக்கின்றது. ராக்கெட் என்றவுடன் ஆகாயத்தில் நெருப்பைக் கக்கிக்கொண்டு போகும் காட்சிதான் உங்கள் கண்ணுக்கு முன் வந்து நிற்கும். ஆனால் நாம் பேசப் போவது ஆகாயத்தில் நடக்கும் சங்கதியை அல்ல. அது கிளம்புவதற்கு வெகுகாலம் முன்னதாக, அதன் எஞ்சினைத் தரையில் ஒரு மேடையில் அசையவொட்டாமல் இறுக்கிப் பூட்டி வைத்து, எரித்து எரித்துப் பார்க்கிறார்களே, அந்தச் சங்கதியைப் பற்றித்தான். இதில் வேடிக்கை பார்க்க ஒன்றுமில்லையே என்று சிலர் நினைக்கலாம். வேடிக்கை இல்லைதான். ஆனால் யோசிப்பதற்கு நிறைய இருக்கின்றது.

தோழர்களே! நம் வீட்டுப் பெண்கள் சந்தைக்குப் போய்ப் பானை வாங்குவதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். கடைக்காரன் எவ்வளவு சத்தியம் செய்தாலும், பானையைக் கையில் எடுத்து, விரல் முட்டியால் நாலு பக்கமும் தட்டிப் பார்க்காமல் காசு கொடுக்க மாட்டார்கள். "கணீர்" என்று சத்தம் வந்தால் நல்ல பானை; "சொத்" என்று வந்தால் கீறல் பானை. நாலணா பானைக்கு இவ்வளவு பரீட்சை! மாடு வாங்குகிறவன் பல்லைப் பிடித்துப் பார்க்கிறான், நடக்க விட்டுப் பார்க்கிறான், ஏரில் பூட்டியும் பார்க்கிறான். விதை வாங்குகிறவன் ஒரு பிடி விதையை ஈரத்துணியில் முடிந்து வைத்து, எத்தனை முளைக்கின்றது என்று எண்ணிப் பார்க்கிறான். இவர்கள் யாரும் பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படித்தவர்கள் அல்ல. ஏமாந்தால் நஷ்டம் தமக்குத்தான் என்று தெரிந்தவர்கள், அவ்வளவுதான்.

இந்தச் சந்தைப் புத்தியைப் பெரிய பெரிய ராஜ்யங்கள் சில சமயம் மறந்துவிட்டன என்பதையும், மறந்ததால் என்ன கதி நேர்ந்தது என்பதையும் எடுத்துச் சொல்லவே இன்று வந்திருக்கிறோம்.

எஞ்சினும் மேடையும்

முதலில், ராக்கெட் எஞ்சின் என்றால் என்ன என்பதைச் சுருக்கமாகச் சொல்லி விடுகிறோம். எரிபொருள் ஒரு தொட்டியில் இருக்கும். அதை எரிய வைக்கும் பிராணவாயு குளிரவைத்துத் திரவமாக்கப்பட்டு இன்னொரு தொட்டியில் இருக்கும். இரண்டையும் பம்புகள் உறிஞ்சி, ஓர் இரும்பு அறைக்குள் வேகமாய்ச் செலுத்தும். அங்கே இரண்டும் கலந்து எரிந்து, ஆவி ஒரு வாய் வழியாகக் கீழ்நோக்கிச் சீறும். ஆவி கீழே போகிற வேகத்துக்கு ராக்கெட் மேலே போகும். தீபாவளி வாணமும் இதே நியாயத்தில்தான் போகின்றது.

கேட்பதற்குச் சுலபமாய் இருக்கின்றதல்லவா? ஆனால் அந்த அறைக்குள் சூடு 3000 டிகிரி சென்டிகிரேடுக்கு மேலும் போகும். அதற்குப் பக்கத்திலேயே குழாயில் ஓடும் திரவப் பிராணவாயுவோ பூஜ்யத்துக்குக் கீழே 183 டிகிரி குளிர். சில எஞ்சின்களில் எரிபொருளாக ஊற்றும் திரவ ஹைட்ரஜன் பூஜ்யத்துக்குக் கீழே 253 டிகிரி குளிர். ஒரு முழத்துக்குள் இந்தப் பக்கம் உலை, அந்தப் பக்கம் உறைபனியிலும் கொடிய குளிர்! உலோகம் ஒரு பக்கம் விரிய, ஒரு பக்கம் சுருங்க, நடுவில் பம்பு நிமிஷத்துக்குப் பல ஆயிரம் சுற்றுச் சுற்றும். இதில் ஒரு சிறு வளையம் பிசகினாலும் எஞ்சினே போய்விடும்.

இதைக் காகிதத்தில் கணக்குப் போட்டே முழுதும் தெரிந்துகொள்ள முடியாது. ஆகவே எஞ்சினைக் காங்கிரீட்டும் இரும்புமாய்க் கட்டிய மேடையில் பூட்டி, நெருப்பு போய் விழும் இடத்தில் ஆறு போலத் தண்ணீரைப் பாய்ச்சி, ஆட்கள் எல்லோரும் தூரத்தில் உள்ள கட்டிடத்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டு, பற்ற வைக்கிறார்கள். எஞ்சினின் உடம்பு பூராவும் கருவிகள் ஒட்டியிருக்கும். இவ்வளவு அழுத்தம், இவ்வளவு சூடு, இவ்வளவு அதிர்ச்சி, இவ்வளவு தள்ளும் பலம் என்று ஒவ்வொன்றையும் அவை எழுதிக்கொண்டே இருக்கும். எஞ்சின் துள்ளும், மேடை விடாது. இதுதான் தரைப் பரீட்சை.

இது எங்கோ சீமையில் நடப்பதாக நினைத்துவிட வேண்டாம். நம் திருநெல்வேலி ஜில்லாவில், பணகுடிக்குப் பக்கத்தில், மேற்குமலை அடிவாரத்தில் மகேந்திரகிரி என்ற இடத்தில் இந்திய விண்வெளி ஆராய்ச்சி நிறுவனத்தார் இந்தக் காரியத்தைச் செய்து வருகிறார்கள். ஸ்ரீஹரிகோட்டாவில் கிளம்புவதைத்தான் உலகம் பார்க்கின்றது. ஆனால் திரவ எஞ்சின்களை எரித்துப் பார்ப்பது மகேந்திரகிரி மேடையிலாகும். அதை மறுபடியும் கடைசியில் பேசுவோம். முதலில் இரண்டு பெரிய ராஜ்யங்களின் கதையைக் கேளுங்கள்.

வெடி வைத்துப் பார்த்தவர்கள்

1961-ல் அமெரிக்க ஜனாதிபதி கென்னடி, பத்து வருஷம் முடிவதற்குள் மனிதனைச் சந்திரனில் இறக்கி மீட்டு வருவோம் என்று சொல்லிவிட்டார். அதற்கு வேண்டிய சாட்டர்ன்-5 என்ற ராக்கெட்டுக்கு அடியில் 5 எஞ்சின்கள். ஒவ்வொன்றுக்கும் எப்-1 என்று பெயர். ஒரு எஞ்சினின் தள்ளும் பலம் 15 லட்சம் ராத்தல். ஒரு வினாடிக்கு இரண்டரை டன்னுக்கு மேற்பட்ட மண்ணெண்ணெயையும் திரவப் பிராணவாயுவையும் குடிக்கக் கூடியது. அதுவரை உலகம் அம்மாதிரி எஞ்சினைக் கண்டதில்லை.

அதைக் கலிபோர்னியா பாலைவனத்தில் மேடையில் பூட்டிப் பரீட்சித்தார்கள். 1962 ஜூன் 28-ந் தேதி ஒரு பரீட்சையில் எஞ்சின் நாசமாய்ப் போய்விட்டது. காரணம் என்னவென்றால், அறைக்குள் நெருப்பு நிதானமாய் எரியாமல், சுவருக்குச் சுவர் மோதும் அலையாய் அலைய ஆரம்பித்துவிட்டது. அப்படி ஆரம்பித்தால் கண் இமைக்கும் நேரத்தில் உலோகம் உருகிவிடும். ஒரு தடவை வரும். பல தடவை வராது. எப்போது வரும் என்று சொல்லவும் முடியாது.

இந்த இடத்தில்தான் தோழர்கள் கவனிக்க வேண்டும். பல தடவை ஒழுங்காய் எரிகின்றதே, ஒரு தடவை கெட்டதைப் பெரிதுபடுத்துவானேன் என்று அவர்கள் சொல்லியிருக்கலாம். அவசரமோ தலைக்கு மேல் இருந்தது. ரஷ்யாக்காரனோ முன்னால் போய்க்கொண்டிருந்தான். அப்படியிருந்தும் அவர்கள் என்ன செய்தார்கள்? கெடுதல் தானாக வரும்வரை காத்திருப்பது புத்திசாலித்தனம் அல்ல, நாமே அதை வரவழைத்துப் பார்ப்போம் என்று முடிவு செய்தார்கள். எரிந்துகொண்டிருக்கும் எஞ்சினுக்குள்ளேயே ஒரு சிறு வெடியை வைத்து வெடித்தார்கள்! வேண்டுமென்றே நெருப்பைக் கலைத்துவிட்டு, அது தானாக அடங்குகின்றதா, அடங்க எவ்வளவு நேரம் ஆகின்றது என்று அளந்தார்கள்.

எரிபொருளும் பிராணவாயுவும் அறைக்குள் விழுவது, பூவாளியின் வாய் போலத் துளைகள் உள்ள ஒரு தகடு வழியாகத்தான். அந்தத் தகட்டின் முகத்தில் சிறு தடுப்புச் சுவர்களை வைத்து 13 அறைகளாகப் பிரித்தார்கள். துளைகளின் அளவையும் சாய்வையும் மாற்றினார்கள். மாற்றியவுடன் மேடையில் பூட்டி வெடி வைத்தார்கள். கெட்டால் மறுபடியும் மாற்றினார்கள். இந்த ஒரு வியாதிக்கு மாத்திரம் முழு அளவு எஞ்சினைச் சுமார் 2000 தடவை எரித்தார்கள் என்றால் அவர்கள் பொறுமையை என்னவென்று சொல்லுவது! 1965 ஆரம்பத்தில்தான் நம்பத்தக்க தகடு கிடைத்தது. வெடி வைத்துக் கலைத்தாலும், ஒரு வினாடியில் பத்தில் ஒரு பாகத்துக்குள் நெருப்பு தானாக அடங்கி ஒழுங்காயிற்று.

அதோடு நிறுத்தினார்களா? 5 எஞ்சினும் ஒன்றாய்ச் சேர்ந்தால் என்ன ஆகும் என்று பார்க்க, முதல் அடுக்கு முழுவதையுமே மேடையில் பூட்டி, 1965 ஏப்ரல் 16-ந் தேதி எரித்தார்கள். எரிந்தது 6½ வினாடிதான். ஆனால் அந்த 6½ வினாடி கொடுத்த தைரியம் அவ்வளவு. பிறகு பறக்கப் போகிற ஒவ்வொரு முதல் அடுக்கையும் கட்டி வைத்து எரித்துப் பார்த்த பிறகே ஏவுமிடத்துக்கு அனுப்பினார்கள்.

பலன் என்ன? 1967 முதல் 1973 வரை சாட்டர்ன்-5 மொத்தம் 13 தடவை பறந்தது. அடியிலிருந்த எப்-1 எஞ்சின்கள் மொத்தம் 65. ஆகாயத்தில் ஒன்றாவது கைவிட்டதா என்றால் ஒன்றும் இல்லை. அவை கெட வேண்டிய கெடுதலெல்லாம் தரையிலேயே கெட்டுத் தீர்ந்துவிட்டது!

ஆறுக்கு இரண்டு

இனி மறுபக்கம் வருவோம். சோவியத் ரஷ்யாவும் சந்திரனுக்குப் போக என்-1 என்ற ராக்கெட்டைக் கட்டியது. அதன் தள்ளும் பலம் சாட்டர்ன்-5-ஐ விட அதிகம். அடியில் 30 எஞ்சின்கள். அதைத் திட்டம் போட்டவர் கொரோலியவ். முதல் செயற்கைச் சந்திரனையும் முதல் மனிதனையும் ஆகாயத்துக்கு அனுப்பியவர் அவர். ஆகவே ரஷ்யர்களுக்கு அறிவில்லை என்று யாரும் சொல்ல முடியாது, நாமும் சொல்லவில்லை.

ஆனால் பணம் போதவில்லை, காலமும் போதவில்லை. 30 எஞ்சினையும் ஒன்றாய்ப் பூட்டி எரிக்கக் கூடிய பிரம்மாண்டமான மேடை கட்ட வேண்டுமானால் வருஷமும் ஆகும், கோடியும் ஆகும். ஆகவே அந்த மேடை கட்டாமலே விட்டுவிட்டார்கள். மேல் அடுக்குகளைத் தரையில் எரித்துப் பார்த்தார்கள். முதல் அடுக்கை மாத்திரம் ஆகாயத்திலேயே பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். கொரோலியவ் 1966 ஜனவரியில் காலமாகிவிட, மிஷின் என்பவர் அந்தப் பொறுப்பை ஏற்றார்.

இன்னொரு சங்கதியும் உண்டு. அந்த எஞ்சினில் சில வால்வுகள் வெடிமருந்தால் ஒரே தடவை திறக்கக் கூடியவை. தீக்குச்சி நல்ல குச்சியா என்று எப்படிப் பரீட்சிப்பீர்கள்? உரசிப் பார்த்தால் குச்சி தீர்ந்தது. உரசாவிட்டால் தெரியாது. அதேபோல் ஒரு தடவை எரித்த எஞ்சின் மறுபடி பறக்க உதவாது. ஆகவே என்ன செய்தார்களென்றால், ஆறு எஞ்சின் செய்தால் அதில் இரண்டை எரித்துப் பார்ப்பது. அந்த இரண்டும் சரியாய் இருந்தால் மற்ற நாலும் சரிதான் என்று ராக்கெட்டில் பூட்டிவிடுவது என்று ஏற்பாடு செய்துகொண்டார்கள்.

தாய்மார்களே! உங்களைத்தான் கேட்கின்றோம். பானைக்காரன், "ஒரே சூளையில் சுட்ட ஆறு பானை, இரண்டைத் தட்டிக் காட்டிவிட்டேன், மீதி நாலைத் தட்டாமலே வாங்கிக்கொண்டு போங்கள்" என்றால் ஒப்புக்கொள்ளுவீர்களா? அதுவும் முப்பது பானையை ஒன்றின்மேல் ஒன்று அடுக்கி, அதன் தலையில் உங்கள் பிள்ளையை உட்கார வைக்கச் சொன்னால் சம்மதிப்பீர்களா?

என்ன நடந்தது என்று கேளுங்கள். 1969 பிப்ரவரி 21-ந் தேதி முதல் என்-1 கிளம்பியது. அடியில் தீப்பிடித்து, ஒரு நிமிஷத்துக்குச் சிறிது மேற்பட்ட நேரத்தில் எஞ்சின்களெல்லாம் நின்று விழுந்தது. அதே வருஷம் ஜூலை 3-ந் தேதி இரண்டாவது கிளம்பியது. ஒரு எஞ்சினின் பிராணவாயுப் பம்பு வெடித்தது. ராக்கெட் கிளம்பிய இடத்திலேயே திரும்ப விழுந்து, ஏவுமேடையை நாசமாக்கிவிட்டது. அதற்கு 13 நாள் கழித்து அமெரிக்காவின் அப்போலோ-11 சந்திரனுக்குக் கிளம்பியது என்பதையும் சேர்த்து எண்ணிப் பாருங்கள். மூன்றாவது 1971 ஜூன் 27-ந் தேதி கிளம்பித் தன்னைத் தானே பம்பரம் போலச் சுற்றிக்கொண்டு கெட்டது. முப்பது எஞ்சினின் ஆவியும் ஒன்றாய்ச் சேர்ந்தால் என்ன செய்யும் என்பது, ஒவ்வொன்றாய் எரித்துப் பார்த்தால் தெரியக் கூடியதா? நாலாவது 1972 நவம்பர் 23-ந் தேதி. 107 வினாடி பறந்து, முதல் அடுக்கின் வேலை முடிய இன்னும் சில வினாடியே பாக்கி இருக்கும்போது அழிந்தது. நாலும் முதல் அடுக்கிலேயே முடிந்தன. தரையில் பரீட்சிக்காமல் விட்டது எதுவோ அதுவே நாலு தடவையும் காலை வாரிவிட்டது.

இதில் மிகவும் வருந்தத்தக்கது என்னவென்றால், எஞ்சினைச் செய்த குஸ்நெத்சோவ் என்பவர் பிறகு பாடம் கற்றுக்கொண்டு, பல தடவை எரித்துப் பார்த்து அதே எஞ்சினையே பறக்க விடக்கூடிய புதிய எஞ்சினைச் செய்து முடித்தார். அதைப் பூட்டி ஐந்தாவது ராக்கெட்டை அனுப்பத் தயார் செய்துகொண்டிருந்தபோது, 1974-ல் மேலிடத்தார் திட்டத்தையே நிறுத்திவிட்டார்கள். மேடைக்குச் செலவழிக்க மனம் வராத பணம் நாலு ராக்கெட்டாக எரிந்து போயிற்று. புத்தி வந்தபோது பொறுமை போய்விட்டது!

பரீட்சித்தும் தவறினால்?

இப்போது ஒருவர் எழுந்து, "ஐயா, தரையில் பரீட்சித்துவிட்டால் ஆகாயத்தில் தவறவே தவறாதா?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. தவறியும் இருக்கின்றது. நம் நாட்டிலேயே நடந்த சங்கதி, ஒளிக்காமல் சொல்லுகிறோம்.

திரவ ஹைட்ரஜனை எரிக்கும் கடுங்குளிர் எஞ்சினை நம்மவர்களே செய்து, மகேந்திரகிரியில் எரித்துப் பார்த்து, 2010 ஏப்ரல் 15-ந் தேதி ஜி.எஸ்.எல்.வி. ராக்கெட்டில் முதல் தடவையாக அனுப்பினார்கள். கீழ் அடுக்குகள் ஒழுங்காய் வேலை செய்தன. கடுங்குளிர் எஞ்சினும் பற்றியது. ஆனால் ஹைட்ரஜனை ஏற்றிக் கொடுக்கும் பம்பு சுற்ற ஆரம்பித்துச் சற்று நேரத்துக்குள் நின்றுவிட்டது. ராக்கெட் கடலில் விழுந்தது.

உடனே பரிகாசம் செய்யப் பலர் கிளம்பினார்கள். ஆனால் அந்த விஞ்ஞானிகள் என்ன செய்தார்கள்? தரையில் எரித்ததற்கும் ஆகாயத்தில் எரிந்ததற்கும் என்ன வித்தியாசம் என்று தேடினார்கள். தரையில் காற்று இருக்கின்றது. மேலே காற்றில்லாத வெறும் வெளி. கடுங்குளிரில் பம்பின் உறையும் உருளைகளும் எவ்வளவு சுருங்கும், எவ்வளவு விரியும் என்பதைத் திரும்பக் கணக்கெடுத்துப் பம்பை மாற்றி அமைத்தார்கள். பற்ற வைக்கும் முறையை மாற்றினார்கள். காற்றை இறைத்து வெளியேற்றி, மேலே உள்ள வெறும் வெளியைப் போலவே தரையில் ஓர் இடத்தை உண்டாக்கி, அதற்குள் எஞ்சினைப் பற்ற வைத்துப் பார்த்தார்கள். மாட்டைக் கொட்டிலில் பார்த்தது போதாது, சேற்றில் இறக்கி ஏரில் பூட்டிப் பார்க்க வேண்டும் என்பது குடியானவனுக்குத் தெரியுமல்லவா? அதுதான் இது.

2013 ஆகஸ்டு 19-ந் தேதி அந்த ராக்கெட் கிளம்பத் தயாராய் நின்றது. நேரம் குறித்தாகிவிட்டது, ஊரெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தது. கிளம்ப 74 நிமிஷம் இருக்கும்போது இரண்டாவது அடுக்கில் எரிபொருள் கசிவது தெரிந்தது. நிறுத்திவிட்டார்கள்! அந்த அடுக்கையே மாற்றி, 2014 ஜனவரி 5-ந் தேதி அனுப்பினார்கள், வெற்றியாய்ப் போயிற்று. கிளப்பியதைவிட நிறுத்தியதுதான் பெரிய தைரியம் என்பது நமது அபிப்பிராயம். ஒரு நாள் நல்ல நாளா அல்லவா என்பது பஞ்சாங்கத்திலும் எழுதியிருக்கவில்லை. அதிகாரியின் டைரியிலும் எழுதியிருக்கவில்லை. கருவிகளின் முள் எங்கே நிற்கின்றது என்பதில்தான் எழுதியிருக்கின்றது.

பரீட்சை பேசியது, காது கேட்கவில்லை

தோழர்களே! பரீட்சை செய்யாததும் ஒரு குற்றம். செய்து, அது சொன்னதைக் கேளாதிருப்பது அதைவிடப் பெரிய குற்றம். பரீட்சைக்குப் பேர்போன அதே அமெரிக்காவில் அதுவும் நடந்தது.

சாலஞ்சர் என்ற விண்கலத்தின் பக்கத்தில் இரண்டு பெரிய வாணங்கள் இருந்தன. அவை திட மருந்து அடைத்தவை. நாம் சொன்ன தீக்குச்சி ஜாதி. பறக்கப் போகும் வாணத்தையே எரித்துப் பார்க்க முடியாது. ஆகவே அதே மாதிரி வாணங்களையும் அதன் உறுப்புகளையும் பலவிதக் கஷ்டத்துக்கு உட்படுத்திப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். அந்த வாணம் பல துண்டுகளைச் சேர்த்துப் பூட்டியது. மூட்டுகளில் நெருப்பு வெளியே வராமல் அடைக்க ரப்பர் வளையங்கள் உண்டு.

அதைச் செய்த கம்பெனியில் ரோஜர் பாய்ஸ்ஜோலி என்ற என்ஜினீயர் இருந்தார். அவரும் அவருடைய தோழர்களும் அந்த வளையத்தை அமுக்கி விட்டால், பழையபடி எழும்பி இடுக்கை அடைக்க எவ்வளவு நேரம் ஆகின்றது என்று பரீட்சித்தார்கள். நல்ல வெப்பத்தில் உடனே அடைத்தது. 50 டிகிரி பாரன்ஹீட் குளிரில், அதாவது 10 டிகிரி சென்டிகிரேடில், 10 நிமிஷம் காத்திருந்தும் அடைக்கவில்லை. இதைக் கவனிக்காவிட்டால் பெரிய விபத்து நேரும் என்று 1985 ஜூலையிலேயே அவர் எழுதியும் கொடுத்தார்.

1986 ஜனவரி 27-ந் தேதி இரவு கடுங்குளிர். மறுநாள் காலை விண்கலம் கிளம்ப வேண்டும். என்ஜினீயர்கள், இந்தக் குளிரில் அனுப்பக் கூடாது என்று டெலிபோனிலே வாதாடினார்கள். ஆனால் பல தடவை தள்ளிப் போட்ட பயணம், மேலிடத்தாருக்கு அவசரம். கம்பெனி நிர்வாகிகள் முதலில் என்ஜினீயர்கள் பக்கம் பேசி, பிறகு புரண்டு சம்மதம் கொடுத்தார்கள். என்ஜினீயர் தொப்பியைக் கழற்றிவிட்டு நிர்வாகத் தொப்பியை மாட்டிக்கொள்ளும்படி அங்கே ஒரு நிர்வாகி இன்னொருவருக்குச் சொன்னாராம்! தொப்பி மாறினால் ரப்பர் மாறுமா? ஜனவரி 28-ந் தேதி கிளம்பிய 73-வது வினாடியில் சாலஞ்சர் சிதறியது. 7 பேர் மாண்டார்கள். அதில் ஒருவர் பள்ளிக்கூட உபாத்தியாயினி. குழந்தைகள் பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பிறகு விசாரணைக் கமிஷன் உட்கார்ந்தது. அதில் ஓர் அங்கத்தினரான பெயின்மன் என்ற பௌதிக சாஸ்திரி, எல்லோர் முன்னிலையிலும் அந்த ரப்பரில் ஒரு துண்டை இறுக்கிப் பிடித்து ஐஸ் போட்ட தண்ணீர் டம்ளரில் வைத்து எடுத்து, பிடியைத் தளர்த்திக் காட்டினார். ரப்பர் எழும்பவில்லை. முந்தின இரவு முழுவதும் என்ஜினீயர்கள் சொல்லி ஏறாதது, ஒரு டம்ளர் தண்ணீரில் ஏறிற்று. ஆனால் 7 உயிர் போன பிறகு. அதன் பின் மூட்டுகளை மாற்றி, முழு அளவு வாணங்களைத் தரையில் படுக்க வைத்து எரித்துப் பார்த்து, 1988 செப்டம்பர் 29-ந் தேதிதான் மறுபடியும் மனிதரை அனுப்பினார்கள்.

நமக்கு இதில் என்ன?

"இதெல்லாம் ராக்கெட் செய்கிறவர்கள் பாடு, நமக்கென்ன?" என்று கேட்காதீர்கள். ககன்யான் என்ற திட்டத்தில், நம் நாட்டு ராக்கெட்டின் தலையில் நம் நாட்டு மனிதர்களை உட்கார வைத்து அனுப்ப ஏற்பாடு செய்திருக்கிறார்கள். அதற்காக விகாஸ் என்ற எஞ்சினை மகேந்திரகிரியில் 2021 ஜூலை 14-ந் தேதி 240 வினாடி தொடர்ந்து எரித்தார்கள். மேல் அடுக்குக்கான சி.இ.-20 என்ற கடுங்குளிர் எஞ்சினைப் பரீட்சித்து, மனிதர் ஏறத் தகுந்தது என்று காட்டும் கடைசிப் பரீட்சையை 2024 பிப்ரவரி 13-ந் தேதி முடித்தார்கள். அதற்கு 4 எஞ்சின்களை 39 தடவை, மொத்தம் 8,810 வினாடி எரித்தார்கள். சட்டப்படி எரிக்க வேண்டியது 6,350 வினாடிதான். அதற்கு மேலும் 2,460 வினாடி எரித்ததை வீண் செலவு என்று சொல்லுகிறவர் யாராவது இருந்தால், அவர் தம் பிள்ளையை அந்த ராக்கெட்டில் ஏற்றுவதாக நினைத்துக்கொண்டு, பிறகு சொல்லட்டும்.

ஆகவே நாம் உங்களைக் கேட்டுக்கொள்ளுவது மூன்றே காரியம்.

ஒன்று, தரையில் ஓர் எஞ்சின் வெடித்தது என்று பத்திரிகையில் பார்த்தால், பணம் போயிற்றே என்று சிரிக்காதீர்கள். தரையில் வெடித்த எஞ்சின் ஆகாயத்தில் ஒருவரையும் கொல்லாது. சிரிக்கிற ஜனங்கள் மத்தியில், கெட்டதைக் கெட்டது என்று சொல்ல யாருக்குத் துணிவு வரும்? மறைக்கத்தான் தோன்றும்.

இரண்டு, "தயாராகவில்லை, இன்னும் பார்க்க வேண்டும்" என்று சொல்லுகிற சிறு உத்தியோகஸ்தனைக் கோழை என்று சொல்லாதீர்கள். பெரிய மனிதர்கள் எல்லோரும் "ஆகட்டும்" என்று சொல்லும் இடத்தில் "ஆகாது" என்று சொல்லுகிறவன்தான் உயிரைக் காப்பாற்றுகிறவன்.

மூன்று, உங்கள் ஊரில் புதுப் பாலம் கட்டினாலும், பள்ளிக்கூடத்துக்குக் கூரை போட்டாலும், பஸ்ஸுக்குப் பிரேக் மாட்டினாலும், திறப்பு விழா எந்தத் தேதி என்று கேட்பதற்கு முன், என்ன பரீட்சை செய்தீர்கள், எவ்வளவு பாரம் ஏற்றிப் பார்த்தீர்கள், யார் பார்த்தார்கள், என்ன எழுதினார்கள் என்று கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை. பதில் சொல்லாதவன் பானைக்காரனாய் இருந்தாலும் சரி, மந்திரியாய் இருந்தாலும் சரி, அவன் சரக்கில் கீறல் இருக்கின்றது என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

தோழர்களே! நாம் சொன்ன தேதியும் கணக்கும்கூடத் தட்டிப் பார்க்க வேண்டியவைதான். இந்த வாசகசாலையில் புத்தகங்கள் இருக்கின்றன. எடுத்துப் புரட்டிச் சரி பாருங்கள். சத்தம் "கணீர்" என்று வந்தால் வைத்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால், அடுத்த கூட்டத்தில் நம்மையே எழுப்பி நிறுத்திக் கேளுங்கள். அதற்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம்.